சிவப்பு பலூனும் தீப்பெட்டி ஆபீஸும்

மொத்தமே 34 நிமிஷம்தான் படம். வசனம் எல்லாத்தையும் சேர்த்தாலும் ஒரு பக்கம் தேறாது. பாரீஸ் நகரத்துல ஒரு சின்னப் பையன் பள்ளிக்கூடம் போற வழியில, விளக்குக் கம்பத்துல மாட்டியிருக்கிற ஒரு சிவப்பு பலூனைப் பார்க்கிறான். கம்பத்துல ஏறி அதை அவிழ்த்துக்கறான். அப்புறம் அந்த பலூன் நாய்க்குட்டி மாதிரி அவன் பின்னாடியே சுத்துது. அவ்வளவுதான் கதை.

ஆல்பர்ட் லமோரீஸ் எடுத்த 'சிவப்பு பலூன்' (1956). குழந்தைப் பருவம் பற்றி வந்த குறும்படங்களில் உலகமெங்கும் அதிகம் பேர் பார்த்ததில் இதுவும் ஒன்று. பையனாக நடிச்சது இயக்குநரோட சொந்த மகன் பாஸ்கல். நீல பலூனோட ஒரு சின்னப் பொண்ணு வருவாளே, அவள் இயக்குநரோட மகள். படத்துல வர்ற சந்து, படிக்கட்டு, பழைய வீடெல்லாம் மெனில்மோந்தான் என்கிற ஏரியா. உழைப்பாளிகள் குடியிருந்த பகுதி. படத்துல பார்க்கிற இடங்களில் பலதை 1960-களில் இடிச்சுட்டாங்க. இன்னொரு கொசுறுத் தகவல்: 'ரிஸ்க்' என்கிற உலகப் புகழ் பெற்ற பலகை விளையாட்டைக் கண்டுபிடிச்சதும் இதே லமோரீஸ்தான். 1970-ல் ஈரானில் படப்பிடிப்பின்போது ஹெலிகாப்டர் விபத்துல இறந்து போனார்.

1956 கான் திரைப்பட விழாவில் குறும்படத்துக்கான தங்கப் பனை விருது இதுக்குத்தான். அடுத்த வருஷம் ஆஸ்கர் வேற, அதுவும் திரைக்கதைக்கு. வசனமே இல்லாத படத்துக்குத் திரைக்கதை விருது! :-)

அதே 1956 கான் விழாவில்தான் சத்யஜித் ராயின் 'பதேர் பாஞ்சாலி'க்கும் ஒரு பரிசு கிடைச்சது. மிகச்சிறந்த மனித ஆவணம் என்று சொல்லிக் கொடுத்தாங்க. பாரீஸ் பையன் பாஸ்கலும் வங்காளத்துப் பையன் அப்புவும் ஒரே ஊர்ல, ஒரே வாரத்துல பரிசு வாங்கியிருக்காங்க. அதே 1956-ல்தான் நம்ம பக்கத்து எட்டயபுரத்தில் காமராஜர் மதிய உணவுத் திட்டத்தைத் தொடங்கி வைத்தார். மூணுக்கும் நேரடித் தொடர்பு ஏதும் கிடையாது. ஆனா இந்தப் பதிவு முழுக்க இந்த மூணையும் சுத்தித்தான் வரப் போகுது.

படத்துல எல்லாரும் சிலாகிக்கிறது கடைசிக் காட்சியை. கவட்டையும் கல்லுமா துரத்துற பசங்ககிட்ட மாட்டி பலூன் செத்துப் போகும். உடனே பாரீஸ்ல இருக்கிற அத்தனை பலூனும் பறந்து வந்து பையனைத் தூக்கிட்டுப் போகும். அழகுதான், மறுக்கலை. எனக்கு மனசுல நின்னது வேற ஒரு காட்சி. பலூனோட வர்றவனை வண்டியில ஏத்த மாட்டேன்னு நடத்துனர் சொல்லிடுவார். பையன் பள்ளிக்கூடத்துக்கு ஓடுவான். நேரமாயிடும். அப்புறம் பள்ளியில பலூனால கலாட்டா ஆகி, தலைமையாசிரியர் அவனை ஒரு அறையில அடைச்சு வைப்பார்.

அதாவது அந்தப் படத்துல ஒரு பையனுக்கு நேரக்கூடிய ஆகப் பெரிய கஷ்டமே பள்ளிக்கூடத்துக்கு லேட்டாப் போறதுதான். அவன் பள்ளிக்கூடத்துல இருப்பானா மாட்டானா என்கிற கேள்வி படத்துல யாருக்கும் வரவே இல்லை. பார்க்கிற நமக்கும் வராது. ஏழைப்பட்ட தெரு, இடிஞ்ச சுவர், ஆனா காலையில எட்டு மணிக்குத் தோல்பையோட கிளம்புற பையன். இது எப்படி வந்தது? இந்தக் கேள்வியைப் பிடிச்சுக்கிட்டுப் போனா, கதை நேரா நம்ம வெடி ஆபீஸ் வாசல்ல வந்து நிக்குது.

பாரீஸ் பையன் பள்ளிக்கூடம் போன கதை

பிரான்சில் குழந்தைத் தொழிலாளர்களுக்கான முதல் சட்டம் 1841 மார்ச் மாதம் வந்தது. எட்டு வயசுக்குக் கீழே உள்ளவர்களை ஆலையில் சேர்க்கக் கூடாது. எட்டிலிருந்து பன்னிரண்டு வயசு வரை நாளுக்கு எட்டு மணி நேர வேலை. பன்னிரண்டிலிருந்து பதினாறு வரை பன்னிரண்டு மணி நேரம். தப்பாப் படிக்கலை நீங்க, பன்னிரண்டு மணி நேரம்தான். இதுவே அன்னைக்குப் பெரிய முன்னேற்றம்.

அந்தச் சட்டத்துல ரெண்டு ஓட்டை. ஒண்ணு, இயந்திர விசையோ அணையாத நெருப்போ உள்ள ஆலைகளுக்கும், இருபது பேருக்கு மேல் வேலை செய்யும் பட்டறைகளுக்கும் மட்டும்தான் சட்டம் பொருந்தும். அதனால சின்னப் பட்டறைகள் தப்பிச்சது. ரெண்டு, சம்பளம் வாங்கும் ஆய்வாளர்கள் கிடையாது. ஊர்ப் பெரிய மனுசங்க சும்மா வந்து பார்த்துட்டுப் போகணும். அந்தப் பெரிய மனுசங்கள்ல பாதிப் பேர் ஆலை முதலாளிகளோட சேக்காளிகள். கேட்கணுமா?

1874-ல் வயசை 12 ஆக்கினாங்க. விதிவிலக்கு வாங்கினா 10. முறையான ஆய்வாளர்களும் வந்தாங்க. ஆனா நிலைமை உண்மையிலேயே மாறினது பள்ளிக்கூடச் சட்டத்தால. ழூல் ஃபெரி என்கிற அமைச்சர் 1881-ல் தொடக்கக் கல்வியை இலவசமாக்கினார். 1882 மார்ச் மாதம் ஆறு வயசிலிருந்து பதிமூணு வயசு வரை கட்டாயமாக்கினார். 1936-ல் அது பதினாலு வயசானது. 1959-ல் பதினாறு வயசுன்னு முடிவாச்சு.

ஆக, 1956-ல் லமோரீஸ் கேமராவைத் தூக்கிக்கிட்டுத் தெருவுக்கு வந்தபோது கட்டாயக் கல்விக்கு 74 வயசு. மூணு தலைமுறை. பாஸ்கலோட தாத்தா காலத்திலேயே பள்ளிக்கூடம் பழகிப் போன விஷயம். அதனாலதான் அந்தப் பையனுக்குப் பலூன் பின்னாடி ஓட நேரம் இருந்தது. அதனாலதான் ஒரு இயக்குநருக்கும் அதைக் கவிதையா எடுக்கத் தோணிச்சு.

இனி நம்ம பக்கம்

எங்க ஊர் ஆலங்குளம். தென்காசிப் பக்கத்து ஆலங்குளம் இல்லைங்க. ஊர்ப் பேரைச் சொன்னா பாதிப் பேர் அங்கேதான் பஸ் ஏறிப் போயிடறாங்க. இது விருதுநகர் மாவட்டம், வெம்பக்கோட்டைப் பக்கம். சுத்தியும் கரிசல் காடு, வானம் பார்த்த பூமி. மழை பெய்ஞ்சா விளைச்சல், இல்லைன்னா கருவேல மரத்தை வெட்டிக் கரிமூட்டம் போடணும்.

இந்த வறட்சிதான் சிவகாசித் தொழிலுக்கு அடித்தளம். 1922-ல் சிவகாசியிலிருந்து அய்ய நாடார், சண்முக நாடார்னு ரெண்டு இளைஞர்கள் கல்கத்தா போய்த் தீப்பெட்டி செய்யக் கத்துக்கிட்டு வந்தாங்க. முதல்ல வெளிநாட்டு இயந்திரம் வாங்கித்தான் ஆரம்பிச்சாங்க. கொஞ்ச நாளிலேயே கைவேலைக்கு மாறிட்டாங்க. விவசாயம் பொய்த்த ஊர்ல இயந்திரத்தை விட மனுசக் கை மலிவு. இரண்டாம் உலகப் போர் நேரத்துல வெளிநாட்டுப் பட்டாசு வரத்து நின்னதும் வெடித் தொழிலும் இங்கே வேகமா வளர்ந்தது. தீப்பெட்டி, பட்டாசு, அச்சு மூணும் சேர்ந்து 'குட்டி ஜப்பான்' என்று பேர் வந்தது. நேரு வச்ச பேருன்னு ஊர்ல பெருமையாச் சொல்லுவாங்க.

சரி, குழந்தைங்க எப்படி உள்ளே வந்தாங்க? "பிஞ்சு விரல் வேகமா ஓடும்"னு ஒரு சமாதானம் ரொம்ப நாளா ஓடிக்கிட்டு இருந்தது. விரலை விட முக்கியமான காரணங்கள் இருந்தன.

முதல் காரணம் வரி. இயந்திரத்துல தீப்பெட்டி செய்யும் பெரிய கம்பெனிக்குக் கலால் வரி அதிகம். கையால் செய்யும் சின்ன யூனிட்டுக்குக் குறைவு. சின்னவங்களைக் காப்பாத்தணும் என்கிற நல்ல எண்ணத்துல வந்த ஏற்பாடுதான். ஆனா யூனிட் சின்னதா இருக்கிற வரைக்கும்தான் சலுகை. அதனால ஒரே முதலாளி பல பேர்ல பல சின்ன யூனிட் வச்சுக்கிட்டாங்க. இயந்திரம் வாங்கினா நஷ்டம், கை கூடக் கூட லாபம். கூலி குறைஞ்ச கை யாருடையது? பொம்பளைங்களோடதும் பிள்ளைங்களோடதும்.

ரெண்டாவது, பீஸ் ரேட். தீப்பெட்டி ஆபீஸ்ல (எங்க பக்கம் ஃபேக்டரின்னு யாரும் சொல்ல மாட்டாங்க, ஆபீஸ்தான்) கட்டை அடுக்கறதுன்னு ஒரு வேலை உண்டு. வரி வரியாப் பள்ளம் வெட்டின சட்டத்துல மருந்து முக்காத குச்சிகளை ஒண்ணொண்ணா அடுக்கணும். இத்தனை கட்டைக்கு இத்தனை காசு. அம்மா அடுக்கினாலும் மகள் அடுக்கினாலும் கட்டைக்குத்தான் காசு, வயசுக்கு இல்லை. வெடி ஆபீஸ்ல திரி செருகறது, சரம் பின்னறது, பேக்கிங் எல்லாம் இதே கணக்கு. வீட்டுல ஒரு கை கூடினா சாயங்காலம் கூடக் கொஞ்சம் அரிசி.

மூணாவது, சட்டத்துல இருந்த ஓட்டை. குழந்தை வேலைத் தடைச் சட்டம் நம்ம நாட்டுல 1938-லேயே வந்தாச்சு. அடுத்த வருஷத் திருத்தத்துல தீப்பெட்டியும் பட்டாசும் பேர் சொல்லியே பட்டியல்ல சேர்ந்தது. ஆனா குடும்பத்தார் மட்டும் சேர்ந்து செய்யற பட்டறைக்கு விலக்கு. அப்படியே பெட்டி ஒட்டற வேலை வீட்டுக்கு வீடு போயிடுச்சு. 1948 தொழிற்சாலைச் சட்டம் பதினாலு வயசுக்குக் கீழே கூடாதுன்னு சொன்னது. அது பொருந்தினது மின்சாரம் இருந்தா பத்துப் பேர், இல்லைன்னா இருபது பேர் வேலை செய்யும் இடத்துக்கு. இருபது! 1841 பிரெஞ்சுச் சட்டத்துல இருந்த அதே கணக்கு. நூறு வருஷம் கழிச்சு, கடல் தாண்டி வந்தும் ஓட்டை அளவு மாறலை பாருங்க.

ஒரே ஊர், ரெண்டு பிள்ளைப் பருவம்

எங்க ஊருக்கு 1970-ல் அரசு சிமெண்ட் ஆலை வந்தது. பிறகு 1976-ல் தமிழ்நாடு சிமெண்ட்ஸ் கழகம் உருவானபோது அதன் கீழே போனது. சுண்ணாம்புக்கல் பூமிக்குள்ள இருந்ததால வந்த அதிர்ஷ்டம். ஆலையில நிரந்தர வேலை கிடைச்ச குடும்பத்துல மாசச் சம்பளம், பி.எஃப்., போனஸ். அந்த வீட்டுப் பிள்ளைங்க எல்லாம் பள்ளிக்கூடத்துல.

சுத்துப்பட்டுக் கிராமத்துல ஆலை வேலை கிடைக்காத வீடுகளுக்கு விடியக்காலையில கம்பெனி வண்டி வரும். நான் சின்ன வயசுல பார்த்தது இது. தூக்குவாளியோட பிள்ளைங்க அரைத் தூக்கத்துல ஏறுவாங்க. பொம்பளைப் பிள்ளைங்கதான் அதிகம். எங்க வகுப்புல வருஷ ஆரம்பத்துல முன் பெஞ்சுல உட்கார்ந்திருந்த பிள்ளைங்க ஆடி பிறந்ததும் ஒவ்வொருத்தரா வராமப் போவாங்க. தீபாவளிக்குச் சரக்கு அனுப்பற சீசன். வாத்தியாரும் வருகைப் பதிவேட்டுல ஒரு கோடு போட்டுட்டு அடுத்த பேருக்குப் போயிடுவார். தீபாவளி முடிஞ்சு சில பேர் திரும்பி வருவாங்க. சில பேர் வர மாட்டாங்க. சாயங்காலம் கம்மாய்க்கரையில பார்த்தா விரல் நுனியெல்லாம் வெள்ளியா மின்னும். அலுமினியத் தூள். சோப்புப் போட்டாலும் போகாது. அந்த வயசுல எங்களுக்கு அது அழகாத்தான் தெரிஞ்சது.

ரெண்டு வீட்டுக்கும் நடுவுல ஒரு தெருதான். ஒரே சாதி, ஒரே கோயில், ஒரே தண்ணிக் குழாய்னு இருந்த வீடுகள் கூட உண்டு. வித்தியாசம் அப்பாவோட சம்பளம் மாசக் கடைசியில நிச்சயமா வருமா வராதாங்கறதுல மட்டும்தான். "எங்க ஊர்க்காரங்களுக்குப் படிப்பு அருமை தெரியாது"ன்னு யாராவது பேசும்போதெல்லாம் இந்தத் தெருதான் எனக்கு ஞாபகம் வரும். அந்தப் படத்துல பலூனைக் காரணம் காட்டி நடத்துனர் பையனை ஏத்த மாட்டேன்னார் இல்லையா? எங்க பக்கத்து வண்டி எந்தப் பிள்ளையையும் வேண்டாம்னு சொன்னதே இல்லை.

படம் பிடிச்சவங்க

உலகத்தோட முதல் சினிமாக்களில் ஒண்ணும் ஒரு பிரெஞ்சுக் குறும்படம்தான். 1895-ல் லியோன் நகரத்துல லூமியேர் சகோதரர்கள் எடுத்தது. ஒரு நிமிஷம் கூட இல்லை. ஆலைக் கதவு திறக்கும், தொழிலாளிகள் வெளியே வருவாங்க, பெரும்பாலும் பெண்கள். அவ்வளவுதான். ஆக சினிமாவே ஆலை வாசல்லதான் பிறந்திருக்கு.

எங்க ஆலை வாசலுக்குக் கேமரா வர 1990 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. சலம் பென்னூர்கர் எடுத்த 'குட்டி ஜப்பானின் குழந்தைகள்' என்கிற ஆவணப்படம். ஒரு மணி நேரத்துக்குச் சற்றுக் கூடுதலா ஓடும். சிவகாசி வட்டாரத்துப் பிள்ளைங்களைப் பற்றித் தமிழ்லேயே எடுத்தது. அடுத்து நம்ம கரிசல் எழுத்தாளர் பூமணி, தீப்பெட்டி ஆபீஸ் பிள்ளைங்களை வச்சு 'கருவேலம் பூக்கள்' என்கிற முழுநீளப் படத்தைத் தேசியத் திரைப்பட வளர்ச்சிக் கழகத்துக்காக இயக்கினார். 'அஞ்ஞாடி' நாவலுக்கு 2014-ல் சாகித்ய அகாடமி வாங்கினாரே, அவரேதான். நாசரும் ராதிகாவும் நடிச்சிருக்காங்க. எத்தனை பேர் பார்த்திருப்பீங்க? தியேட்டர்ல வந்து ஓடின படமில்லை.

எழுத்துல இதுக்கு முன்னாடியே பதிவாகியிருக்கு. 1983-ல் எகனாமிக் அண்ட் பொலிட்டிகல் வீக்லி இதழ்ல ஸ்மிது கோத்தாரி சிவகாசிப் பிள்ளைங்களைப் பற்றி எழுதின கட்டுரை ரொம்பப் பேசப்பட்டது. 45,000 பிள்ளைங்க என்கிற எண்ணிக்கை அந்தக் காலத்துல பரவலாப் புழங்கினது.

கோர்ட்டுக்குப் போன கதை

1986-ல் குழந்தைத் தொழிலாளர் சட்டம் புதுசா வந்தது. அதே வருஷம் வழக்கறிஞர் எம்.சி.மேத்தா சிவகாசிப் பிள்ளைங்களுக்காக உச்ச நீதிமன்றம் போனார். 1990 அக்டோபர் 31-ல் முதல் தீர்ப்பு. மருந்து கலக்கற, உற்பத்தி செய்யற இடத்துல பிள்ளைங்க கூடாது. ஆனா தள்ளியிருக்கிற இடத்துல பேக்கிங் செய்யலாம். பெரியவங்க கூலியில 60 சதவீதமாவது கொடுக்கணும், 50,000 ரூபாய்க்கு இன்சூரன்ஸ் போடணும். அதாவது 'குட்டி ஜப்பானின் குழந்தைகள்' வந்த அதே வருஷத்துல, நாட்டோட உச்ச நீதிமன்றமே பிள்ளைங்களுக்கு பேக்கிங் வேலை பொருத்தம்தான்னு நினைச்சிருக்கு. நீதிபதிகளைக் குறை சொல்லி எழுதலை. அன்னைக்கு நாடே அப்படித்தான் நினைச்சது.

1991-ல் ஒரு பட்டாசு ஆலை விபத்துல 39 பேர் இறந்தாங்க. நீதிமன்றம் தானாகவே அதைக் கையில எடுத்தது. 1996 டிசம்பர் 10-ல் ரெண்டாவது தீர்ப்பு. வேலைக்கு வச்ச ஒவ்வொரு பிள்ளைக்கும் முதலாளி 20,000 ரூபாய் கட்டணும். அந்தப் பிள்ளைக்குப் பதிலா குடும்பத்துல ஒரு பெரியவருக்கு அரசு வேலை ஏற்பாடு செய்யணும். முடியலைன்னா அரசு தன் பங்குக்கு 5,000 ரூபாய் போடணும். அந்தப் பணத்தோட வட்டி, பிள்ளை பள்ளிக்கூடம் போற வரைக்கும் பெத்தவங்களுக்கு. ஆறே வருஷத்துல எவ்வளவு தூரம் பாருங்க. பிள்ளையோட கூலி இல்லாம அந்த வீட்டுல அடுப்பு எரியணுமேங்கறதை முதல் தடவையாக் கணக்குல எடுத்த தீர்ப்பு இது. நடைமுறையில எல்லா இடத்திலும் அப்படியே நடந்துச்சான்னா இல்லைதான். ஆனா எது கேள்வின்னு சரியாச் சொன்னது.

பள்ளிக்கூடப் பக்கம் வருவோம். மதராஸ் மாகாணத்துல 1920 சட்டப்படி சில ஊர்ல மட்டும் தொடக்கக் கல்வியைக் கட்டாயமாக்கலாம்னு இருந்தது. தமிழ்நாடு முழுக்கக் கட்டாயக் கல்விக்குச் சட்டம் போட்டது 1994-ல். நாடு முழுக்க ஆறு முதல் பதினாலு வயசு வரை உரிமைன்னு அமலுக்கு வந்தது 2010 ஏப்ரல் 1. பதினாலு வயசுக்குக் கீழே எந்த வேலைக்கும் வைக்கக் கூடாதுன்னு வந்தது 2016 திருத்தத்துல. அதுலேயும் பள்ளி முடிஞ்சு குடும்பத்துக்கு உதவலாம்னு ஒரு விலக்கு இருக்கு. ஆபத்தான தொழிலுக்கு அந்த விலக்கு கிடையாது.

பிரான்சுல ஆலைச் சட்டத்துக்கும் பள்ளிக்கூடச் சட்டத்துக்கும் நடுவுல 41 வருஷம். நமக்கு 1939-லிருந்து 2010 வரை 71 வருஷம்.

இதுக்கு நடுவுல ரெண்டு கையும் ஏந்திப் பிடிச்சது சோறுதான். காமராஜர் 1956-ல் தொடங்கினதை எம்.ஜி.ஆர் 1982-ல் பெரிசாக்கினார். ஆறாம் வகுப்போட படிப்பை விட்டுட்டுத் துணிக்கடையில நின்ன விருதுநகர்ப் பையன்தான் காமராஜர். ஒரு வேளைச் சோறு பிள்ளையோட கூலிக்கு ஈடாகாது. ஆனா பள்ளிக்கூடம் அனுப்பினா அந்தப் பிள்ளைக்கு ஒரு வேளை அரிசி மிச்சம்னு வீட்டுல கணக்குப் போட வச்சது. அடுப்படிக் கணக்கோட அரசாங்கம் நேரடியாப் பேசின இடம் அது.

இப்ப எங்க பக்கம் பழைய மாதிரி வண்டி வண்டியாப் பிள்ளைங்க போறதில்லை. பெரியவங்க போறாங்க. ஆபத்து இன்னும் போகலை. 2012 செப்டம்பர் 5-ல் முதலிப்பட்டியில நடந்த விபத்துல 38-க்கும் மேல் செத்தாங்க. அதுக்கப்புறமும் வருஷா வருஷம் செய்தி வருது. அம்மா வெடி ஆபீஸ்ல, மகள் கல்லூரியில. பல வீட்டுல நிலைமை இதுதான். அந்த மகளோட ஃபீஸ் எங்கிருந்து வருதுன்னு யாரும் கேட்கறதில்லை.

எனக்கு ஒரு ஆசை உண்டு. எங்க ஊர்ப் பிள்ளைங்களை வச்சு இதுவரை வந்ததெல்லாம் வேலையைப் பற்றின படங்கள். வரவேண்டிய காலத்துல வந்தவை, அவங்களைக் கும்பிடணும். ஆனா பலூன் பின்னாடி ஓடற மாதிரி, ஒண்ணுக்கும் உதவாத ஒரு மத்தியானத்தைப் பற்றி எங்க கரிசக்காட்டுப் பிள்ளையை வச்சு ஒரு படம் வரலை. கம்மாய்க்கரை இருக்கு, கவட்டை இருக்கு, மூடிக் கிடக்கிற கல் குவாரியில தேங்கின பச்சைத் தண்ணி இருக்கு. பள்ளிக்கூடத்துக்கு லேட்டாப் போறதே பெரிய கவலையா இருக்கிற பிள்ளைங்களும் இப்ப இருக்காங்க. கட்டாயக் கல்விக்கு அப்புறம் பிரான்சுக்கு 74 வருஷம் ஆச்சு. நமக்கு அவ்வளவு நாள் ஆகக்கூடாது.

குறும்படம் எடுக்கிற தம்பி தங்கச்சிங்க யாராவது இதைப் படிச்சா சொல்லுங்கப்பா. ஊரைச் சுத்திக்காட்ட நான் ரெடி. பரோட்டாவும் என் செலவுதான் :-)